சீல் உடைந்த செயலிகள்



எண்ணெய் டின் வந்து இறங்கும்போது நாம் முதலில் பார்ப்பது மூடியின் சீலைத்தான். சீல் சற்று நெகிழ்ந்திருந்தாலும் "இதைத் திருப்பிக் கொண்டு போ" என்று சொல்லிவிடுகிறோம். டின்னுக்கு ஐம்பது ரூபாய் குறைத்துக்கொள்ளுங்கள் என்று மொத்த வியாபாரியே போன் செய்தாலும் நாம் இறங்கி வருவதில்லை. உள்ளே என்ன கலந்திருக்கிறதோ, நாளை உணவுப் பாதுகாப்பு அலுவலர் மாதிரி எடுத்தால் பதில் சொல்ல வேண்டியவர் கடைக்காரர்தானே என்ற அச்சம் நமக்கு உண்டு. இப்படிப்பட்ட நாமே, அதே கல்லாவில் உட்கார்ந்துகொண்டு, யார் பிரித்து யார் ஒட்டினார்கள் என்று தெரியாத செயலிகளைக் கைப்பேசியில் ஏற்றி வைத்திருக்கிறோம். காசு கேட்கவில்லை என்பது ஒன்றுதான் காரணம்.

மற்றவரைக் குறை சொல்லும் முன் நம் கடையில் நடந்ததைச் சொல்லிவிடுவதுதான் முறை. பில் போடவும் பற்று எழுதவும் நாம் ஒரு செயலியை வைத்திருந்தோம். சென்ற ஆண்டு அதன் சந்தா முடிந்தது. புதுப்பிக்கலாம் என்றிருந்தபோது கடையில் உதவிக்கு இருந்த மைத்துனர் மகன், "மாமா, இதுக்கெல்லாம் எதுக்குப் பணம் கட்டறீங்க? மோடு ஒண்ணு இருக்கு. போட்டா எல்லாமே திறந்துடும்" என்றான். நாமும் சரி என்றோம். அரைமணி நேரத்தில் வேலை முடிந்தது. முதலில் அசல் செயலியை நீக்கச் சொன்னது, நீக்கினான். கூகுளின் பாதுகாப்புச் சோதனையான ப்ளே ப்ரொடெக்டை நிறுத்தச் சொன்னது, அதையும் நிறுத்தினான். குறுஞ்செய்தி படிக்க, தொடர்பு எண்களைப் பார்க்க என்று கேட்ட அனுமதிகளையெல்லாம் கொடுத்தான். நாமும் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டுதான் இருந்தோம்.

நான்கு மாதம் நன்றாகவே ஓடியது. ஒரு நாள் காலை கடை திறந்து பார்த்தால் பற்றுக் கணக்கு முழுவதும் காலி. அசல் செயலியாக இருந்தால் கணக்கு அந்த நிறுவனத்தின் கணினியிலும் ஒரு படி இருக்கும். மோடு அங்கே போய்ச் சேரவே இல்லை. மிஞ்சியது நான்கு மாதத்துக்கு முந்தைய கணக்கு மட்டும். நிறுவனத்துக்குப் போன் செய்தால் சந்தா ரசீது எண்ணைக் கேட்டார்கள். நம்மிடம் ஏது ரசீது? மொத்த வியாபாரிகளின் பில்களை வைத்துக் கொள்முதலை ஒருவாறு எழுதிவிட்டோம். வாடிக்கையாளர் பாக்கிக்கு வழி இல்லை. பள்ளி ஆசிரியை ஒருவர் தம் கணக்கில் 1,840 ரூபாய் நிற்கிறது என்று தாமே வந்து சொல்லிக் கட்டிவிட்டுப் போனார். அப்படிச் சொன்னவர்கள் பதினெட்டுப் பேர். சொல்லாதவர்கள் எத்தனை பேர் என்பது நமக்கு இன்றுவரை தெரியாது. பழைய சிட்டைப் புத்தகத்தைப் பரணில் போட்டது தவறு என்று வீட்டில் இன்னும் பேச்சு வாங்கிக்கொண்டிருக்கிறோம்.

மோடு என்று இளைஞர்கள் சொல்வது இதைத்தான். ஒரு நிறுவனம் செய்த செயலியில் பணம் கட்டினால்தான் திறக்கும் பகுதிகள் இருக்கும். வேறொருவர் அதைப் பிரித்து, பூட்டை உடைத்து, தமக்கு வேண்டியதையும் உள்ளே வைத்து, மறுபடி கட்டி இலவசமாக விடுகிறார். இப்படிப்பட்டவற்றை விநியோகிப்பதற்கென்றே ஹேப்பிமோட் போன்ற கடைகள் இணையத்தில் இருக்கின்றன. டெலிகிராம் குழுக்களிலும் கோப்பாக வருகின்றன.

தொழில்நுட்பத்தை விரிவாகச் சொல்வது நம் வேலை அல்ல என்றாலும் ஒன்றை மட்டும் புரிந்துகொள்ள வேண்டும். ஆண்ட்ராய்டு கைப்பேசிக்கான ஒவ்வொரு செயலியிலும் ரகசியச் சாவி ஒன்றால் மின் கையொப்பம் இடப்பட்டிருக்கும். உள்ளே ஒரு வரியை மாற்றினாலும் அந்தக் கையொப்பம் செல்லாததாகிவிடும். மாற்றியவரிடம் அசல் சாவி கிடையாது. எனவே தம் சொந்தச் சாவியால் புதுக் கையொப்பம் இட்டு அனுப்புகிறார். இதை அசலின் மேல் ஏற்ற முயன்றால் கையொப்பம் ஒத்துவரவில்லை என்று கைப்பேசி மறுத்துவிடும். அசலை முதலில் நீக்கச் சொல்வதன் காரணம் இதுதான். நம் எலெக்ட்ரானிக் தராசில் முத்திரை ஆய்வாளர் சீல் வைத்துவிட்டுப் போகிறார். அதை ஒருவர் உடைத்து, உள்ளே எதையோ மாற்றி, தாமே செய்த சீலை வைத்துக் கொடுத்தால் அந்தத் தராசைக் கடையில் வைப்போமா? வைத்தால் என்ன ஆகும் என்பது நமக்குத் தெரியும்.

இந்த இடத்தில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிட வேண்டும். கூகுளின் ப்ளே ஸ்டோர் தவிர மற்றெல்லாம் சட்டவிரோதம் என்று சிலர் பேசுகிறார்கள். அது சரியல்ல. சாம்சங் தன் கைப்பேசிகளில் கேலக்ஸி ஸ்டோர் வைத்திருக்கிறது. போன்பே நிறுவனம் 2024 பிப்ரவரியில் இண்டஸ் ஆப்ஸ்டோர் என்ற கடையைத் திறந்தது. திறந்த மூலச் செயலிகளுக்கு மட்டுமென எஃப்-டிராய்டு 2010 முதல் நடக்கிறது. ஐரோப்பிய ஒன்றியத்தின் சட்டத்தால் ஆப்பிள் நிறுவனமே 2024 மார்ச்சில் அங்கு மற்றவர் கடைகளுக்கு வழிவிட வேண்டியதாயிற்று. நம் நாட்டில் ஆண்ட்ராய்டு சந்தையில் தன் ஆதிக்க நிலையைத் தவறாகப் பயன்படுத்தியதாகக் கூகுளுக்கு இந்தியப் போட்டி ஆணையம் 2022 அக்டோபரில் 1,337.76 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2023 மார்ச்சில் ஆணையத்தின் சில கட்டளைகளை நீக்கினாலும் அபராதத்தை உறுதி செய்தது. பெரிய அங்காடி ஒன்றே எல்லாவற்றையும் விற்கட்டும் என்பதை நாம் இத்தனை ஆண்டுகளாக எதிர்த்து வந்திருக்கிறோம். ஆகவே செயலிகளும் ஒரே கடையில்தான் விற்க வேண்டும் என்று நாம் சொன்னால் அது பொருந்தாது. பல கடைகள் இருக்கட்டும். நாம் வேண்டாம் என்பது அந்தக் கடைகளில் வரும் சீல் உடைந்த சரக்கை.

கடையின் பெயரை மட்டும் நம்பியும் பயனில்லை. ஏபிகேப்யூர் என்பது பலரும் நல்லதென்று எண்ணி வந்த மாற்றுக் கடை. 2021 ஏப்ரலில் அந்தக் கடையின் சொந்தச் செயலியிலேயே தீய நிரல் புகுந்திருந்ததைக் காஸ்பர்ஸ்கி நிறுவனத்தார் கண்டுபிடித்தார்கள். அடுத்த பதிப்பில் அது சரி செய்யப்பட்டது. ப்ளே ஸ்டோரும் உத்தமம் என்று சொல்வதற்கில்லை. 2024 செப்டம்பரில் நெக்ரோ என்ற தீய நிரல் வெளிச்சத்துக்கு வந்தபோது, மோடு செய்த ஸ்பாட்டிஃபை, வாட்ஸப் ஆகியவற்றோடு ப்ளே ஸ்டோரில் இருந்த இரண்டு செயலிகளிலும் அது இருந்தது. அவ்விரண்டும் சேர்ந்து 1.1 கோடி முறை இறக்கப்பட்டவை. ஆனால் அங்கே கண்டுபிடித்தால் நீக்க ஒருவர் இருக்கிறார், முறையிட ஓர் இடம் இருக்கிறது. மோடு செய்தவரின் பெயரும் ஊரும் நமக்குத் தெரியாது.

நம் உறுப்பினர்களிடம் மிகுதியாகப் புழங்குவது மோடு செய்த வாட்ஸப். ஜிபி வாட்ஸப், எஃப்எம் வாட்ஸப், யோ வாட்ஸப் என்று பல பெயர். இரண்டு டிக் காட்டாமல் படிக்கலாம், அழித்த செய்தியையும் பார்க்கலாம் என்று ஆசை காட்டுவார்கள். காய்கறி மண்டியிலிருந்து விலைப்பட்டியல் வருவதும், தெருவில் உள்ளவர்கள் மாதச் சாமான் பட்டியல் அனுப்புவதும் இன்று வாட்ஸப்பில்தான் என்பதால் இதைச் சற்று விரிவாகச் சொல்லியாக வேண்டும். 2021 ஆகஸ்டில் எஃப்எம் வாட்ஸப்பின் ஒரு பதிப்பில் ட்ரையடா என்ற தீய நிரல் இருந்ததைக் காஸ்பர்ஸ்கி வெளியிட்டது. குறுஞ்செய்தி படிக்கும் அனுமதியை நாமே கொடுத்துவிடுவதால், நமக்குத் தெரியாமல் கட்டணச் சேவைகளில் நம் எண்ணைச் சேர்த்துவிட அதனால் முடியும். 2022 அக்டோபரில் யோ வாட்ஸப்பின் ஒரு பதிப்பு, வாட்ஸப் கணக்கை இயக்கும் சாவிகளையே எடுத்து வெளியே அனுப்பியது தெரிய வந்தது. அதே மாதத்தில் வாட்ஸப்பின் உரிமையாளரான மெட்டா, இத்தகைய செயலிகளை வெளியிட்டவர்கள் மீது அமெரிக்க நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தது. பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கணக்குகள் இவ்வாறு திருடப்பட்டன என்பது அதன் புகார்.

நம் கணக்கு வேறொருவர் கைக்குப் போனால் என்ன ஆகும்? "அண்ணாச்சி, அவசரமாக இருபதாயிரம் இந்த எண்ணுக்குப் போடுங்கள்" என்று நம் பெயரில், நம் படத்தோடு, நாம் சரக்கெடுக்கும் மொத்த வியாபாரிக்கே செய்தி போகும். முப்பது ஆண்டு நாணயத்தால் வந்த நம்பிக்கை என்பதால் அவரும் போட்டுவிடுவார். அப்படி எதுவும் நடக்காவிட்டாலும், மோடு பயன்படுத்தும் எண்களை வாட்ஸப்பே தற்காலிகமாகத் தடுக்கிறது. கேட்காவிட்டால் நிரந்தரமாக நீக்கிவிடுகிறது. கடைப் பலகையிலும் துணிப்பையிலும் அச்சடித்த எண் அது.

சட்டம் என்ன சொல்கிறது என்பதைப் பார்ப்போம். 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தின் கண்ணில் கணினி நிரல் ஓர் இலக்கியப் படைப்பு. (பில் போடும் செயலி இலக்கியம் என்றால் நம் பேரேடு என்னவோ!) 1994-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் சேர்ந்த 63பி பிரிவின்படி, உரிமையை மீறிய நிரல் படி என்று தெரிந்தே கணினியில் பயன்படுத்துபவருக்கு ஏழு நாளிலிருந்து மூன்று ஆண்டு வரை சிறையும், ஐம்பதாயிரத்திலிருந்து இரண்டு லட்சம் வரை அபராதமும் விதிக்கலாம். தகவலைக் கையாளும் மின்னணுக் கருவி எதுவும் அச்சட்டத்தின் சொற்பொருளில் கணினிதான். கைப்பேசி என்று தப்ப முடியாது. அப்பிரிவில் ஒரு சலுகையும் இருக்கிறது. ஆதாயத்துக்காகவோ வணிகத்தின் போக்கிலோ பயன்படுத்தவில்லை என்றால் நீதிமன்றம் தக்க காரணம் காட்டிச் சிறையைத் தவிர்த்து, ஐம்பதாயிரத்துக்குள் அபராதத்தோடு விடலாம். அதாவது வீட்டில் பாட்டுக் கேட்க மோடு வைத்த கல்லூரி மாணவனுக்கு உள்ள சலுகை, கடையில் பில் போட மோடு வைத்த நமக்கு இல்லை. உறுப்பினர்கள் இந்த ஒரு வரியை மட்டுமாவது நினைவில் வைக்க வேண்டுகிறோம். பூட்டை உடைப்பவருக்கு 2012-ல் சேர்ந்த 65ஏ பிரிவு தனியாக இருக்கிறது. இரண்டு ஆண்டு வரை சிறை.

இதற்காகக் காவல் துறையினர் மளிகைக் கடைகளில் ஏறி இறங்கியதை நாம் பார்த்ததில்லை. பயமுறுத்துவதற்காக அப்படி எழுதவும் மாட்டோம். உலகில் பெரும்பாலும் பிடிபடுவது விநியோகிப்பவர்களே. 2012 ஆகஸ்டில் ஆப்பக்கெட், ஆப்ளானெட், ஸ்நாப்ஸ்மார்க்கெட் என்ற மூன்று கள்ளச் செயலிக் கடைகளை அமெரிக்க அரசு பறிமுதல் செய்தது. நடத்தியவர்களில் சிலர் 2014-ல் நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டார்கள். நமக்கு இடி வருவது வேறு பக்கத்திலிருந்து. ஜி.எஸ்.டி. சட்டத்தின் 36-ஆம் பிரிவுப்படி, பதிவு பெற்ற வணிகர் கணக்குகளை ஆண்டு அறிக்கையின் கடைசித் தேதியிலிருந்து 72 மாதம் காத்து வைக்க வேண்டும். மோடில் போட்டிருந்தேன், அழிந்துவிட்டது என்று அதிகாரியிடம் சொல்லிப் பாருங்கள். வங்கியிலும் இதே கதைதான். அனுமதியற்ற மின்னணுப் பரிவர்த்தனை பற்றி ரிசர்வ் வங்கி 2017 ஜூலையில் விட்ட சுற்றறிக்கை, மூன்றாமவர் செய்த மோசடியை மூன்று வேலை நாளுக்குள் தெரிவித்தால் வாடிக்கையாளருக்குப் பொறுப்பில்லை என்றது. ஆனால் வாடிக்கையாளரின் கவனக்குறைவால் போன பணத்துக்கு, அவர் வங்கிக்குத் தெரிவிக்கும் வரை அவரே பொறுப்பு என்றும் அதே சுற்றறிக்கை சொன்னது. பாதுகாப்பைத் தாமே நிறுத்தி, குறுஞ்செய்தி படிக்கத் தாமே அனுமதி கொடுத்தவர் எந்தப் பக்கம் நிற்பார் என்று வங்கி மேலாளருடன் வாதாட வேண்டிவரும்.

இதே கள்ளச்சந்தை கல்லாவுக்கு எதிர்ப்பக்கத்திலிருந்தும் நம்மைத் தாக்குகிறது. பணம் அனுப்பியதுபோல் பச்சை டிக்கும் தொகையும் நம் கடைப் பெயரும் காட்டும் போலிப் பணச் செயலிகளும் இந்த வழியாகத்தான் வருகின்றன. 2021-ல் ஐதராபாத்தில் பேடிஎம் போலவே காட்டும் போலிச் செயலியைக் கொண்டு கடைக்காரர்களை ஏமாற்றியவர்கள் கைதானார்கள். மாலை ஏழு மணிக்குக் கூட்டம் நிற்கும்போது, "போட்டாச்சு அண்ணே" என்று திரையைத் தூரத்தில் காட்டிவிட்டு இரண்டு அரிசிச் சிப்பத்தை வண்டியில் ஏற்றுபவரை நாம் எப்படிக் கண்டுபிடிப்பது? அவர் திரையைப் பார்க்கவே வேண்டாம். நம் சவுண்ட் பாக்ஸ் சொன்னதா, நம் வங்கிக் கணக்கில் ஏறியதா என்று மட்டும் பார்க்க வேண்டும். நம் பையன்கள் மோடு இறக்கும் அதே குழுக்களில்தான் இதையும் விற்கிறார்கள். நாம் அங்கே வாடிக்கையாளராக நின்றால் அவர்கள் கடை இன்னும் செழிக்கும்.

இவ்வளவு சொன்ன பிறகு நிறுவனங்களைப் பற்றியும் சொல்லாவிட்டால் நடுநிலை ஆகாது. முன்பெல்லாம் ஒருமுறை விலை கொடுத்தால் பொருள் நம்முடையது. இன்று பில் போடுவதற்கு ஆண்டு வாடகை. முதல் ஆண்டு குறைத்துக் காட்டுகிறார்கள், பழகிய பிறகு ஏற்றுகிறார்கள். நாம் எழுதிய கணக்கை வேறு செயலிக்கு எடுத்துப் போவதும் பல நேரம் எளிதாயில்லை. நாளொன்றுக்கு ஐயாயிரம் ரூபாய் வியாபாரம் பார்க்கும் தெருமுனைக் கடைக்கும், பத்துக் கிளை வைத்திருப்பவருக்கும் ஒரே கட்டணம் என்றால் சிறியவர் மோடு பக்கம் போகத்தான் பார்ப்பார். அவர் செய்வது சரி என்று நாம் சொல்லவில்லை. ஆனால் அவரை அங்கே தள்ளியதில் இந்த விலைமுறைக்கும் பங்குண்டு. நம் சங்கம் உறுப்பினர்கள் அனைவருக்கும் சேர்த்துப் பேசி மொத்த விலை கேட்க வேண்டும் என்பது நமது உறுதியான கருத்து. சர்க்கரையிலும் எண்ணெயிலும் பத்துப் பேர் சேர்ந்து எடுத்தால் விலை குறைகிறது. செயலிக்கு மட்டும் ஏன் தனித்தனியாகப் போய் நிற்க வேண்டும்?

அதுவரை வழி இல்லாமலும் இல்லை. ஆண்டு விற்றுமுதல் ஒன்றரைக் கோடி வரை உள்ள சிறு வணிகர்களுக்கு இலவசக் கணக்கு மற்றும் பில் மென்பொருள் தருவதாக ஜி.எஸ்.டி. நெட்வொர்க் 2019-ல் அறிவித்தது. இப்போது அந்தத் தளத்தில் என்ன கிடைக்கிறது என்று உங்கள் கணக்காளரிடம் கேட்டுப் பாருங்கள். பல செயலிகளில் இலவசப் பகுதியே ஒரு சிறு கடைக்குப் போதும். எதுவும் ஒத்துவராவிட்டால் நோட்டுப் புத்தகம் எங்கும் போய்விடவில்லை. நாம் இப்போது செயலியில் எழுதும் பற்றை இரவு கடை அடைக்கும் முன் ஒரு நோட்டிலும் எழுதி வைக்கிறோம். கால்மணி நேரம் பிடிக்கிறது.

மோடு ஏற்கெனவே ஏற்றியவர்கள் அதை நீக்கினால் மட்டும் போதாது. நீக்கும் முன் கணக்கை எவ்வளவு முடியுமோ அவ்வளவு பிரதி எடுத்துக்கொள்ளுங்கள். ப்ளே ப்ரொடெக்டைத் திரும்ப இயக்கி, முடிந்தால் கைப்பேசியையே முழுதாக அழித்துப் புதிதாக அமையுங்கள். யு.பி.ஐ. ரகசிய எண்ணை அதன் பிறகு மாற்றுங்கள். அதற்கு முன் மாற்றினால் புதிய எண்ணும் கள்வன் கண்ணில் படலாம். பணம் போயிருப்பது தெரிந்தால் உடனே 1930 என்ற எண்ணுக்குப் பேசி, வங்கிக்கும் தெரிவியுங்கள். கடைப் பணம் வரும் கைப்பேசியைப் பிள்ளைகள் கையில் விளையாடக் கொடுக்காதீர்கள். காசு கட்டாமல் விளையாட்டில் நாணயம் குவிக்க அவர்கள் இறக்கும் மோடும், கல்லாவின் யு.பி.ஐ.யும் ஒரே கருவியில் இருப்பதுதான் பல வீடுகளில் நாம் கண்டது. மலிவான பழைய கைப்பேசி ஒன்றை அவர்களுக்கென்று வைத்துவிடுங்கள்.

மொத்த விலை பற்றிப் பேசப் போகும்போது சங்கத்தின் கையில் விவரம் இருக்க வேண்டும். எந்தச் செயலி, ஆண்டுக்கு எவ்வளவு கட்டுகிறீர்கள், அதில் எந்தப் பகுதி உங்களுக்கு உண்மையில் பயன்படுகிறது என்ற மூன்றையும் எழுதி, அஞ்சலட்டையிலோ வாட்ஸப்பிலோ சங்க அலுவலகத்துக்கு அனுப்பும்படி உறுப்பினர்களைக் கேட்டுக்கொள்கிறோம். வாட்ஸப் என்றால் அசல் வாட்ஸப்பில்.